கிளாம் சவுடருக்குப் பழவேற்காட்டு மட்டி இருக்கிறது

சமையல் கேள்வி – பதில்

கேள்வி: அம்மா, என் மகன் பாஸ்டனில் வேலை செய்கிறான். பேரனைப் பார்க்கப் போயிருந்தபோது துறைமுகத்துப் பக்கம் ஒரு கடையில் கிளாம் சவுடர் வாங்கிக் கொடுத்தான். வெள்ளையாக, கெட்டியாக, உருளைக்கிழங்கும் சிப்பிச் சதையும் போட்ட சூப். குளிருக்கு அவ்வளவு இதமாக இருந்தது. சித்தூர் திரும்பியபின் டின்னில் வரும் சிப்பியை வரவழைத்துச் செய்து பார்த்தேன். பால் திரிந்துவிட்டது. திரியாமல் இருந்த பகுதியும் உப்புப் பால் மாதிரிதான் இருந்தது. இதற்கு வேண்டிய சிப்பி நம் பக்கம் கிடைக்குமா? முறையாகச் செய்வது எப்படி? – வாசகி, சித்தூர்

பதில்: 'உப்புப் பால் மாதிரி' என்று எழுதியிருக்கிறீர்கள். கோளாறு எங்கே என்பது அதிலேயே தெரிந்துவிட்டது. டின்னைத் திறந்ததும் உள்ளே இருந்த நீரை வடித்துக் கொட்டிவிட்டு, சதையை மட்டும் பாலில் போட்டிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். நிறத்தைப் பார்த்து இதைப் பால் சூப் என்று பலரும் எண்ணிவிடுகிறார்கள். உண்மையில் இது நீங்கள் சிப்பி என்று சொல்லும் மட்டியின் சூப். மட்டி வேகும்போது ஓட்டுக்குள்ளிருந்து வெளிவரும் நீர்தான் இதற்கு உயிர். அந்த நீரின் உப்புக் கூர்மையைத் தணிக்கத்தான் பாலும் கிரீமும் வருகின்றன.

சவுடரின் கதையும் இதையே சொல்கிறது. அச்சில் வந்த பழைய சவுடர்ச் செய்முறைகளில் ஒன்று 1751ல் பாஸ்டன் செய்தித்தாள் ஒன்றில் வெளியானது. வெங்காயம், உப்பிட்ட பன்றிக்கொழுப்பு, மீன், கப்பல் பிஸ்கட் என்று அடுக்கடுக்காகப் போட்டு வேக வைக்கிற முறை அது. பால் கிடையாது. கெட்டித் தன்மை பிஸ்கட்டிலிருந்து வந்தது. பால் சேர்க்கும் வழக்கம் 19ஆம் நூற்றாண்டில்தான் நியூ இங்கிலாந்து வீடுகளில் பரவியது. அதனால் நல்ல மட்டி எங்கே கிடைக்கும் என்பதை முதலில் பார்ப்போம். பாலைப் பிறகு கவனிக்கலாம்.

சித்தூரிலும் திருப்பதியிலும் கடல் வெகு தூரம் என்றே பேசிப் பழகிவிட்டோம். ஆனால் 2022 ஏப்ரலில் ஆந்திர மாவட்டங்களைப் பிரித்தபோது சூலூர்பேட்டையும் தடாவும் நெல்லூரை விட்டுத் திருப்பதி மாவட்டத்துக்கு வந்தன. அவற்றோடு பழவேற்காட்டு ஏரியின் பெரும்பகுதியும் வந்தது. சில்காவுக்கு அடுத்து இந்தியாவின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரி அது. பிச்சாட்டூர் அணையைக் கடந்து ஓடும் நம் ஆரணி ஆறு போய்ச் சேருமிடமும் அதுதான். அங்கே சேற்று மணலில் மட்டி விளைகிறது. விலங்கியலில் மெரெட்ரிக்ஸ் காஸ்டா என்று பெயர். பாஸ்டனில் நீங்கள் சாப்பிட்ட சவுடரில் வழக்கமாகப் போடுவது குவாஹாக் என்னும் தடித்த ஓட்டு மட்டி, மெர்சினேரியா மெர்சினேரியா. இரண்டும் வெனரிடே என்ற ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. நம் மட்டி அளவில் சிறியது, அவ்வளவுதான். சுவையில் தாழ்ந்தது என்று யாராவது சொன்னால் நான் ஒப்ப மாட்டேன். சதை மென்மையாக இருப்பதால் இந்தச் சூப்புக்கு இன்னும் பொருத்தம் என்பேன்.

இத்தனை இருந்தும் நம் சமையலறையில் மட்டி நுழையவில்லை என்பது எனக்கு நெடுநாள் வருத்தம். தமிழ்நாட்டுக் கரையிலும் ஆந்திரக் கரையிலும் மட்டியைப் பெரும்பாலும் ஓட்டுக்காகத்தான் மதித்தார்கள். ஓட்டைக் காளவாயில் சுட்டால் சுண்ணாம்பு கிடைக்கும். சதை இறால் குஞ்சுப் பண்ணைகளுக்குத் தீனியாகப் போகிறது. கேரளத்தில் கக்கா இறைச்சி வீட்டுக்கு வீடு வறுவலாகிறது. இங்கே அதே பண்டத்தைக் கேட்டு வாங்க ஆளில்லை.

கேட்டால் கிடைக்கும். சித்தூர் மீன் சந்தையில் தினமும் குவித்து வைத்திருக்க மாட்டார்கள். அங்கே குளத்து மீன்தான் அதிகம். கடல் மீன் கொண்டுவரும் வியாபாரியிடம் இரண்டு நாள் முன்பே சொல்லி வையுங்கள். தமிழில் மட்டி என்று கேளுங்கள். தெலுங்கு பேசுபவரானால் ஆல்சிப்பலு என்று கேட்டு, உயிரோடு வேண்டும் என்று அழுத்திச் சொல்லுங்கள். வரும் வழியில் மட்டியைத் தண்ணீரில் போடக் கூடாது, பிளாஸ்டிக் பையில் இறுகக் கட்டவும் கூடாது. நனைத்த கோணிச் சாக்கில் சுற்றி வர வேண்டும். பனிக்கட்டி வைத்தால் அது உருகிய நீர் மட்டிமேல் படாமல் இருக்க வேண்டும். நல்ல தண்ணீரில் ஊறினால் மட்டி செத்துப்போகும்.

நான்கு பேருக்கு இரண்டு கிலோ வாங்குங்கள். ஓடு போகச் சதை ஏறக்குறைய பத்தில் ஒரு பங்குதான் தேறும். 200 கிராம் கிடைத்தால் நல்ல மட்டி என்று வைத்துக்கொள்ளலாம். ஓடு உடைந்ததை எடுத்து எறியுங்கள். வாய் திறந்திருப்பதைச் சுண்டிப் பாருங்கள். உயிர் இருந்தால் மெதுவாக மூடிக்கொள்ளும். மூடாதது குப்பைக்கு. மண் போக்கும் முறையை அடுத்த கேள்விக்கு வைத்திருக்கிறேன்.

இனி அடுப்புக்கு வருவோம். அகலமான பாத்திரத்தில் ஒன்றரை கப் தண்ணீரைக் கொதிக்க விட்டு, கழுவிய மட்டியைக் கொட்டி மூடுங்கள். ஐந்தாறு நிமிடத்தில் ஓடுகள் திறக்கும். திறந்ததும் இறக்கிவிடாதீர்கள். மேலும் மூன்றிலிருந்து ஐந்து நிமிடம் கொதிக்க வேண்டும். கிருமி சாவது அந்தக் கூடுதல் நிமிடங்களில்தான். அப்படியும் திறக்காத மட்டியைக் கத்தியால் நெம்ப வேண்டாம், தூக்கிப் போடுங்கள். பிறகு சதையைப் பிரித்துத் தனியே மூடி வையுங்கள். பாத்திரத்தில் நிற்கும் கலங்கிய நீரைப் பருத்தித் துணியில் வடிகட்டிக் கால் மணி நேரம் அசையாமல் வைத்தால் பொடி மணல் அடியில் தங்கும். மேலே நிற்கும் தெளிவை மட்டும் சாய்த்து எடுங்கள். இரண்டு, இரண்டரை கப் வரும். ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பாருங்கள். அந்த உப்பு தெரிந்தபின், சமையல் முடியும்வரை நீங்கள் உப்பு டப்பாவைத் தொட மாட்டீர்கள்.

அடிகனமான பாத்திரத்தில் இரண்டு மேசைக்கரண்டி வெண்ணெயை உருக்கி, பொடியாக நறுக்கிய பெரிய வெங்காயம் ஒன்றையும் இரண்டு பல் பூண்டையும் சிறு தீயில் வதக்குங்கள். கண்ணாடி போல ஆனால் போதும். சிவந்தால் சூப்பின் நிறமும் மணமும் மாறிவிடும். செலரித் தண்டு கிடைத்தால் ஒன்று நறுக்கிப் போடலாம். கிடைக்காவிட்டால் விட்டுவிடுங்கள். ஒன்றரை மேசைக்கரண்டி மைதாவைத் தூவி, பச்சை வாடை போக இரண்டு நிமிடம் கிளறுங்கள். இப்போது மட்டி நீரைக் கரண்டி கரண்டியாக விட்டுக் கட்டி தட்டாமல் கரைத்துக்கொண்டே வாருங்கள். மூன்று நடுத்தர உருளைக்கிழங்கை அரை அங்குலத் துண்டாக நறுக்கிச் சேருங்கள். பலமநேர், வி.கோட்டைப் பக்கத்துக் கிழங்கு எனக்குப் பிடிக்கும். எந்தக் கிழங்கானாலும் மாவாகக் குழைகிற வகை நல்லது.

பாஸ்டனில் இதில் தைம் என்ற இலையைப் போடுவார்கள். அதைத் தேடி அலைய வேண்டாம். தைமுக்கு மணம் தருவது தைமால் என்ற பொருள். நம் ஓமத்திலும் அதே தைமால்தான் இருக்கிறது. விரல் நுனியில் எடுக்கிற அளவு ஓமத்தைக் கசக்கிப் போடுங்கள். அதற்கு மேல் போனால் கஷாயமாகிவிடும். பிரியாணி இலை பாதி போதும். அவர்களுடைய பே இலை வேறு மரத்தது, நம்முடைய இலைக்குப் பட்டை வாசம் கூடுதல்.

கிழங்கு வேகப் பன்னிரண்டு, பதினைந்து நிமிடம் ஆகும். வெந்ததும் மூன்றில் ஒரு பங்குத் துண்டுகளைக் கரண்டியால் பாத்திரத்தின் ஓரத்தில் வைத்து மசியுங்கள். சூப்பைக் கெட்டியாக்கும் வேலை பெரிதும் இந்த மசித்த கிழங்குடையது. கிரீமை ஊற்றி ஊற்றிக் கெட்டியாக்கப் பார்ப்பவர்கள் ஏமாறுவார்கள். கிரீம் வழவழப்பைத் தரும், கனத்தைத் தராது.

இனி பால். பால் திரிய நான்கு காரணங்கள் உண்டு: புளிப்பு, கடும் கொதி, கொழுப்புக் குறைவு, பழைய பால். நேற்றுக் காய்ச்சி வைத்த பாலில் லேசான புளிப்பு ஏறியிருக்கும். காபியில் அது தெரியாது. சூடான உப்பு நீரில் விழுந்ததும் தெரிந்துவிடும். டோன்டு பாலில் 3 சதவீதக் கொழுப்புதான். முழுக் கிரீம் பாலில் 6 சதவீதம். வாங்குவது முழுக் கிரீம் பாலாக இருக்கட்டும். எருமைப் பால் கறந்து கொடுப்பவர் பக்கத்தில் இருந்தால் அதைவிடச் சிறப்பு. அன்றைய பால் இரண்டு கப்பைத் தனியே சூடாக்கி, சூப் அடங்கிய தீயில் இருக்கும்போது சிறிது சிறிதாக விடுங்கள். ஏற்கெனவே கரைந்திருக்கும் மைதா பால் புரதம் ஒன்றோடொன்று ஒட்டாமல் காக்கும். மைதாவை முதலிலேயே போடச் சொன்னது அதற்காகவும்தான். இதற்குப் பிறகு சூப் ஆவி பறக்கலாம், குமிழ் விட்டுக் கொதிக்கக் கூடாது.

ஐந்து நிமிடம் கழித்து மட்டிச் சதையைச் சேருங்கள். அது ஏற்கெனவே வெந்தது. சூடேறினால் போதும். மறுபடி கொதிக்கவிட்டால் ரப்பர் ஆகிவிடும். அடுப்பை அணைத்து அரை கப் பிரெஷ் கிரீம் ஊற்றி, மிளகுப் பொடி தூவிப் பத்து நிமிடம் மூடி வையுங்கள். கிரீமுக்குப் பதில் காய்ச்சிய பாலின் ஏட்டை எடுத்து அடித்தும் விடலாம். இந்தப் பத்து நிமிடத்தில் சூப் ஒன்றுகூடும். உப்பு பார்த்து வேண்டுமானால் சேர்ப்பது இப்போதுதான். பெரும்பாலும் தேவைப்படாது.

தொட்டுக்கொள்ள அங்கே சிறிய உப்பு பிஸ்கட் தருவார்கள். நம் கடை உப்பு பிஸ்கட்டே போதும். அங்கே சவுடரில் சேர்க்கும் பேக்கன் (புகையூட்டிய பன்றி இறைச்சி) பற்றி நீங்கள் கேட்கவில்லை. ஆனாலும் சொல்கிறேன். பன்றி இறைச்சி சேராத வீடுகளில் அந்தப் புகை வாசம் வேண்டுமென்றால் ஒரு கரித்துண்டைக் கனிய வைத்துச் சிறு கிண்ணத்தில் போட்டுச் சூப்பின் நடுவே வைத்து, அதன்மேல் அரைக் கரண்டி நெய் விட்டு இரண்டு நிமிடம் மூடுங்கள். கொஞ்சம் கருவாட்டை வதக்கிச் சேர்க்கலாமா என்று சிலர் கேட்பதுண்டு. வேண்டாம். கருவாடு தனி ராஜா, மட்டியை விழுங்கிவிடும்.

கேள்வி: நெல்லூர்ப் பக்கத்து உறவினர் வீட்டிலிருந்து மட்டி வந்தது. ஏழெட்டுத் தண்ணீர் கழுவியும் வாயில் மண் நறநறவென்று கடிபட்டது. குழந்தைகள் துப்பிவிட்டார்கள். – வாசகர், திருப்பதி

பதில்: மண் ஓட்டின்மேல் இல்லை, உள்ளே இருக்கிறது. எத்தனை தண்ணீர் கழுவினாலும் அது போகாது. மட்டியே துப்ப வேண்டும். அதற்கு அது வாழ்ந்த நீர் போல ஒன்றை நாம் கொடுக்க வேண்டும். ஒரு லிட்டர் தண்ணீருக்கு 25 முதல் 30 கிராம் கல்லுப்பைக் கரையுங்கள். மட்டி ஒன்றன்மேல் ஒன்று குவியாதபடி அகலமான தட்டிலோ தாம்பாளத்திலோ பரப்பி, ஓடு மூழ்கும் அளவுக்கு மட்டும் அந்த நீரை விடுங்கள். அடியில் ஒரு சல்லடைத் தட்டு வைத்தால் இன்னும் நல்லது. துப்பிய மண்ணை மட்டி திரும்ப உறிஞ்சாது. வெளிச்சம் படாமல் மூடி, வீட்டின் குளிர்ந்த மூலையில் இரண்டு மூன்று மணி நேரம் வையுங்கள். நடுவில் ஒருமுறை உப்பு நீரை மாற்றுங்கள். குழாய்த் தண்ணீரில் குளோரின் வாசம் அடித்தால் கொதிக்க வைத்து ஆறவைத்த நீரில் உப்பைக் கரைப்பது நல்லது.

திருப்பதி வெயிலில் அறை சூடாக இருந்தால் இந்த நேரத்தைக் குறைத்து, மீதியைக் குளிர்பெட்டியில் ஈரத்துணி மூடி வையுங்கள். அன்றைக்கே சமைத்துவிடுங்கள். மட்டி நீரை வடிகட்டித் தெளிய வைக்கச் சொன்னேன் அல்லவா, மிச்சமிருக்கும் பொடி மணலுக்கு அது காவல்.

கேள்வி: என் மாமியார் மீனையும் பாலையும் ஒரே இலையில் சேர்க்கவே விடமாட்டார். வெண்குஷ்டம் வரும் என்கிறார். இந்தச் சூப்பில் மட்டியும் பாலும் ஒன்றாகவே வேகின்றனவே? – வாசகி, நகரி

பதில்: உங்கள் மாமியார் சொல்வது அவராகக் கட்டியது அல்ல. சரக சம்ஹிதையிலேயே மீனையும் பாலையும் சேர்த்து உண்பதை விருத்த ஆகாரம் என்று விலக்கியிருக்கிறது. வைத்திய மரபில் வந்த பழைய எச்சரிக்கை அது. அவரிடம் மரியாதையாகவே பேசுங்கள்.

வெண்குஷ்டத்தைப் பொறுத்தவரை மருத்துவம் தெளிவாகச் சொல்கிறது. தோலுக்கு நிறம் தரும் செல்களை உடலின் எதிர்ப்புச் சக்தியே தாக்கி அழிப்பதால் அது வருகிறது. அது தொற்றுநோய் இல்லை. குஷ்டத்துக்கும் அதற்கும் சம்பந்தமும் இல்லை. மீனும் பாலும் அதை உண்டாக்குவதில்லை. நியூ இங்கிலாந்து மக்கள் தலைமுறை தலைமுறையாகப் பால் சவுடர் குடித்து வருகிறார்கள். வங்காளிகள் தயிரில் மீன் சமைக்கிறார்கள். இந்த நம்பிக்கையால் வெண்குஷ்டம் வந்தவர்களைப் பார்த்து, 'என்ன சாப்பிட்டாய்' என்று குற்றம் சாட்டும் வழக்கம் நம் ஊர்களில் இன்னும் இருக்கிறது. அது கொடுமை. அதை நிறுத்த வேண்டும் என்பதற்காகவும் இவ்வளவு விளக்கமாக எழுதுகிறேன்.

உண்மையில் கவனிக்க வேண்டியது ஒவ்வாமை. இறால், நண்டு, சிப்பி எதைச் சாப்பிட்டாலும் தடிப்பு, உதடு வீக்கம், மூச்சிரைப்பு வருபவர்கள் மட்டியைத் தொட வேண்டாம். பால் சேராதவர்கள் பாலை விட்டுவிடலாம்.

மாமியாருக்கு மனம் ஒப்பவில்லை என்றால் தேங்காய்ப்பாலில் செய்யுங்கள். வீட்டில் ஒருவர் முகம் சுளிக்கச் செய்கிற சமையல் வேண்டாமே. கிழங்கு வேகும்போது இரண்டாம் பால், அடுப்பை அணைத்தபின் கெட்டியான முதல் பால். ஓமத்துக்குப் பதில் ஒரு பச்சை மிளகாயைக் கீறிப் போட்டு, இரண்டு கறிவேப்பிலை சேருங்கள். கேரளத்து மீன் மோளிக்குப் பக்கத்தில் வந்து நிற்கும். சுவையில் குறைவே இருக்காது.

இதை எழுதும்போது யாழ்ப்பாணத்து ஒடியல் கூழ் நினைவுக்கு வருகிறது. பனங்கிழங்கைக் காயவைத்து இடித்த ஒடியல் மாவைக் கரைத்து, மீன், நண்டு, இறால், பலாக்கொட்டை, புளி, மிளகாய் எல்லாம் போட்டுக் காய்ச்சுவார்கள். கடலில் கிடைத்ததை ஒரு பானையில் போட்டு மாவுப் பொருளால் கெட்டியாக்குவது பாஸ்டன்காரர்களுக்கு மட்டும் தோன்றிய யோசனை அல்ல. பால் இல்லாத கெட்டியான கடல் சூப் வேண்டுமானால் தமிழர்களிடமே முழுமையான ஒன்று இருக்கிறது. ஒரு நாள் அதையும் செய்து பாருங்கள்.

கேள்வி: தக்காளி போட்ட சிவப்புச் சவுடரும் உண்டாமே? மதனப்பள்ளித் தக்காளி வீட்டில் குவிந்து கிடக்கிறது. – வாசகர், சித்தூர்

பதில்: உண்டு. மன்ஹாட்டன் சவுடர் என்பார்கள். அதில் பால் கிடையாது. பாலையும் தக்காளியையும் சேர்த்தால் புளிப்பில் திரியும். இந்த இரண்டு முறைக்காரர்களுக்கும் அங்கே பெரிய சண்டையே நடந்திருக்கிறது. 1939ல் மெய்ன் மாநிலச் சட்டமன்றத்தில், சவுடரில் தக்காளி போடுவதைச் சட்டவிரோதமாக்க ஒருவர் மசோதாவே கொண்டுவந்தார்.

நம் தக்காளிக்குப் புளிப்பு கூடுதல். நான்கு பழுத்த தக்காளியின் தோலை உரித்து வெங்காயத்தோடு நன்றாகச் சுருள வதக்கி, மட்டி நீர் விட்டு, கிழங்கோடு ஒரு கேரட்டும் சேர்த்து வேகவிடுங்கள். மைதா வேண்டாம், பால் வேண்டாம், மிளகு கொஞ்சம் தூக்கலாக இருக்கட்டும். சோற்றில் ஊற்றிச் சாப்பிடவும் இது நன்றாக இருக்கும். ஆனால் கிரீம் சவுடர் கேட்டவருக்கு இதைக் கொடுத்துத் திருப்திப்படுத்த முடியாது. இது வேறு பண்டம்.

கேள்வி: நாங்கள் சைவம். மகள் ஹோட்டலில் காளான் சவுடர் சாப்பிட்டுவிட்டு அதையே கேட்கிறாள். – வாசகி, திருப்பதி

பதில்: மட்டி நீர் செய்த வேலையைக் காளான் நீர் செய்யும். 300 கிராம் பட்டன் காளானில் பாதியைப் பொடியாக நறுக்கிச் சிட்டிகை உப்போடு மூடி போட்டு வதக்கினால் கறுப்பாக நீர் விடும். அதில் இரண்டு கப் தண்ணீர் ஊற்றிக் கால் மணி நேரம் கொதிக்க வைத்து வடிகட்டினால் ஆழமான சாறு கிடைக்கும். மீதிக் காளானைத் துண்டுகளாக்கி வெண்ணெயில் சிவக்க வறுத்துக் கடைசியில் சேருங்கள். ஒரு இனிப்புச் சோளத்தை உதிர்த்துக் கிழங்கோடு வேகவிடுங்கள். மற்றவை எல்லாம் மேலே சொன்ன முறைதான்.

கேள்வி: ஸ்ரீசிட்டியில் வேலை செய்கிறேன். தனியாகச் சமைத்துக்கொள்கிறேன். உயிர் மட்டி வாங்கிச் சுத்தம் செய்ய நேரமில்லை. உறைய வைத்த சதை வாங்கலாமா? மீந்த சூப்பை எத்தனை நாள் வைத்திருக்கலாம்? – வாசகர், தடா

பதில்: பழவேற்காட்டு ஏரி பக்கத்திலேயே இருப்பவர் நீங்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமையாவது உயிர் மட்டி வாங்கிச் செய்து பாருங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். மற்ற நாளுக்கு உறைய வைத்த சதை நல்லதுதான். கடையில் வருவது பெரும்பாலும் கேரளத்துக் கக்கா. வேம்பநாட்டு ஏரியின் கறுப்புக் கக்கா சற்றுச் சிறியது, சுவை அழுத்தமானது. அதை வேகவைத்து ஓடு நீக்கித்தான் விற்கிறார்கள். அதனால் உங்களுக்கு மட்டி நீர் கிடைக்காது. ஈடு செய்ய ஒரு வழி உண்டு. இறால் வாங்கும் நாளில் தலையையும் ஓட்டையும் எறியாமல், கழுவி இருபது நிமிடம் கொதிக்கவைத்து வடிகட்டிய நீரை உறையவைத்துக்கொள்ளுங்கள். கக்காவை அந்த நீரிலேயே மூன்று நிமிடத்துக்குக் குறையாமல் கொதிக்கவிட்டு எடுத்துத் தனியே வைத்துவிட்டு, அதே நீரில் சவுடரைத் தொடங்குங்கள். டின் மட்டியானால் டின்னில் உள்ள நீரைக் கட்டாயம் சேருங்கள். உப்பு அதிகம் இருக்கும், அதற்கேற்பத் தண்ணீர் கலந்துகொள்ளுங்கள்.

மீந்ததை ஆறியவுடன் குளிர்பெட்டியில் வையுங்கள். நம் கோடையில் ஒரு மணி நேரத்துக்கு மேல் வெளியே இருக்கக் கூடாது. மறுநாளே முடித்துவிடுங்கள். சுடவைக்கும்போது சிறு தீ. உறையவைத்தால் கிழங்கு நொறநொறவென்று ஆகும், பாலும் பிரியும்.

கேள்வி: மட்டி அழுக்குத் தண்ணீரை வடிகட்டிக் குடிக்கும் பிராணி என்று படித்தேன். சாப்பிடப் பயமாக இருக்கிறது. நன்றாக வேகவைத்தால் போதுமா? – வாசகி, புத்தூர்

பதில்: நீங்கள் படித்தது சரி. மட்டி நீரை உள்ளிழுத்து வடிகட்டித்தான் உண்கிறது. நீரில் உள்ள நல்லதும் கெட்டதும் அதன் உடலில் சேரும். வேகவைப்பது கிருமிகளுக்கு மருந்து. மேலே சொன்ன நிமிடக் கணக்கைப் பிடித்தால் அந்தப் பயம் வேண்டாம். ஈரல் நோய் உள்ளவர்களும் கர்ப்பிணிகளும் அரைவேக்காட்டு மட்டியைச் சாப்பிடவே கூடாது.

ஆனால் இரண்டு விஷயங்களை அடுப்பு தீர்க்காது. ஒன்று, ஆலைக் கழிவும் எண்ணெயும் உலோகங்களும். 2023 டிசம்பரில் புயல் வெள்ளத்தோடு எண்ணூர்க் கழிமுகத்தில் எண்ணெய் பரவியதை எல்லோரும் பார்த்தோம். எண்ணூர்ப் பக்கத்து மட்டியை நான் வாங்க மாட்டேன். உங்களையும் வாங்கச் சொல்ல மாட்டேன். எங்கே எடுத்த மட்டி என்று வியாபாரியிடம் கேளுங்கள். பதில் சொல்லத் தெரியாதவரிடம் வாங்காதீர்கள்.

இரண்டாவது, கடலில் சில நுண்பாசிகள் பெருகும்போது சிப்பி இனங்களில் சேரும் நரம்பு நஞ்சு. கொதிக்க வைத்தாலும் அது அழியாது. அரிதாகத்தான் நடக்கிறது. ஆனால் நம் கரையில் நடந்திருக்கிறது. 1981ல் தமிழ்நாட்டில் மட்டி சாப்பிட்டு மூன்று பேர் இறந்தார்கள், 85 பேர் மருத்துவமனையில் சேர்ந்தார்கள். 1997ல் கேரளத்தின் விழிஞ்ஞத்தில் கல்லுமேல்காய் என்னும் சிப்பியைச் சாப்பிட்ட ஏழு பேர் உயிரிழந்தார்கள். நீர் நிறம் மாறியிருக்கிறது, மீன் செத்து மிதக்கிறது என்று செய்தி வந்தால் அந்த நாட்களில் மட்டியை விட்டுவிடுங்கள். சாப்பிட்டபின் உதடும் நாக்கும் மரத்துப்போனால், விரல் நுனி குறுகுறுத்தால், காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று படுக்காமல் உடனே மருத்துவமனைக்குப் போங்கள்.

பருவமும் முக்கியம். வடகிழக்கு மழையில் ஆரணியும் காளங்கியும் வெள்ளத்தையும் ஊர் அழுக்கையும் ஏரியில் கொண்டுவந்து சேர்க்கும். உப்பு குறைந்து மட்டியும் நலிந்திருக்கும். மழை ஓய்ந்து தை பிறந்தபின், ஏரி தெளிந்து உப்பேறியதும் வாங்குங்கள். வைகாசி வரை நல்ல காலம்.

கொல்லத்தின் அஷ்டமுடி ஏரியில் டிசம்பர் முதல் பிப்ரவரி வரை மட்டி எடுப்பதில்லை. குஞ்சு வளர அவகாசம் கொடுக்கிறார்கள். அந்த ஒழுங்குக்காக 2014ல் அந்த ஏரியின் மட்டிப் பிடிப்புக்கு, வளம் குன்றாத மீன்பிடிப்புக்குத் தரப்படும் எம்.எஸ்.சி. சான்று கிடைத்தது. இந்தியாவில் அந்தச் சான்றைப் பெற்ற முதல் மீன்பிடிப்பு அதுதான். பழவேற்காட்டுக்கும் அப்படி ஒரு ஒழுங்கு வேண்டும். அது வரும்வரை வாங்குகிறவர்களாவது பார்த்து வாங்குங்கள். கட்டைவிரல் நகத்தளவு மட்டியைக் கூடையில் பார்த்தால் விலை மலிவு என்று எடுக்காதீர்கள். பெரிய மட்டி வந்தால் சொல்லி அனுப்புங்கள் என்று வியாபாரியிடம் கேட்டுவிட்டு வாருங்கள்.